பொருள்: 4 வழிக்கு மாறாத ஜாய்ஸ்டிக் குறித்த புகார்

பெறுநர்: வாடிக்கையாளர் சேவைப் பிரிவு

ஐயா,

மூன்று வாரத்துக்கு முன்பு உங்களிடம் ராஸ்பெரி பை 4 என்ற சிறு கணினியுடன் வரும் ஆர்கேட் கிட் (பழைய வீடியோ கேம் ஆடுவதற்கான தொகுப்பு) வாங்கினேன். ‘ஜாய்ஸ்டிக்கை 4 வழிக்கும் 8 வழிக்கும் மாற்றலாம்’ என்று விளம்பரத்தில் போட்டிருந்தீர்கள். நான் காசு கொடுத்ததே அந்த ஒரு வரிக்காகத்தான்.

கிட்டைப் போட்ட அன்றே திரையின் ஓரத்தில் மஞ்சள் மின்னல் குறி வந்தது. மின்சாரம் போதவில்லை என்று அர்த்தம். பை 4-க்கு 5 வோல்ட், 3 ஆம்பியர் வேண்டும். நீங்கள் வைத்த அடாப்டரில் 2 ஆம்பியர் என்று அச்சடித்திருக்கிறது. சரி, போகட்டும் என்று வெளியே ஒன்று வாங்கிக்கொண்டேன்.

ஜாய்ஸ்டிக்கை அப்படி விட முடியவில்லை. முஸ்தபா நன்றாகவே ஓடுகிறது (எங்கள் தெருமுனை வீடியோ கேம் கடையில் அதை ‘கேடிலாக்ஸ் அண்ட் டைனோசர்ஸ்’ என்று யாரும் சொன்னதில்லை). அது எட்டுத் திசையிலும் நகரும் ஆட்டம். 1980-இல் வந்த பேக்-மேனுக்கு நான்கே திசை. இடப்பக்கம் போகும்போது திருப்பத்தில் மேலே தள்ளினால், குச்சி, அதன் அசைவுக்கு எல்லை வைக்கும் சதுரத் தகட்டின் மூலையில் போய்ச் சிக்குகிறது. இடது, மேல் இரண்டு ஸ்விட்சும் சேர்ந்து அமுங்குகின்றன. ‘டக் டக்’ என்று இரண்டு சத்தம் தனித்தனியாகக் கேட்கிறது. பேக்-மேன் திருப்பத்தை விட்டுவிட்டு நேராகப் பேயிடம் போய் மாட்டுகிறான். பழைய ஆட்டங்களை ஓட்டும் எமுலேட்டர் மென்பொருளில் 4 வழி என்று மாற்றியும் பார்த்தேன். குச்சி மூலைக்குப் போவதை அது எப்படித் தடுக்கும்?

அப்புறம் அடியிலுள்ள நான்கு திருகாணிகளைக் கழற்றினேன். அந்தத் தகட்டை 45 டிகிரி திருப்பினால் 4 வழியாகிவிட வேண்டும். உங்கள் தகடோ உடம்போடு சேர்த்தே வார்த்தது. திருப்ப ஒன்றுமே இல்லை.

சேவை எண்ணில் முதல் முறை, ‘சாஃப்ட்வேர் அப்டேட் பண்ணுங்க சார்’ என்றார்கள். இரண்டாம் முறை, கழற்றியதால் வாரண்டி போய்விட்டது என்றார்கள். கழற்றித் திருப்பச் சொல்லி உங்கள் கையேட்டின் 6-ஆம் பக்கத்தில் நீங்கள்தானே படம் போட்டிருக்கிறீர்கள்!

தகடு திரும்புகிற ஜாய்ஸ்டிக்கையும் அடாப்டர் வாங்கிய பணத்தையும் 15 நாளுக்குள் அனுப்புங்கள். முடியாதென்றால் கிட்டை எடுத்துக்கொண்டு முழுத் தொகையையும் திருப்பித் தாருங்கள். இரண்டும் நடக்காவிட்டால் மாவட்ட நுகர்வோர் குறைதீர் ஆணையத்தில் மனு கொடுப்பேன்.

பில், அடாப்டர் ரசீது, கழற்றிய ஜாய்ஸ்டிக்கின் படம், கையேட்டின் 6-ஆம் பக்க நகல் ஆகியவற்றை இணைத்திருக்கிறேன்.

இப்படிக்கு,
உங்கள் வாடிக்கையாளர்