அந்தோணிக்காக ஒரு நடை வந்துவிட்டுப் போ

அன்புள்ள காதர்,

நலம். தங்கச்சியையும் பிள்ளைகளையும் விசாரித்ததாகச் சொல். மூட்டு வலிக்கு டாக்டரைப் பார்த்தாயா, இன்னும் கோடாரித் தைலம்தானா? உன்னைத் திருத்த ஆள் பிறக்கவில்லை மாப்ளே.

சரி, விஷயத்துக்கு வருகிறேன். நம்ம சேவியர் மகன் அந்தோணி உள்ளே இருக்கிறான். கரையில் நின்ற வள்ளத்தில் என்ஜினைக் காணோம் என்று விசாரணைக்குக் கூட்டிப் போனார்கள். விடிவதற்குள் "நான்தான் எடுத்தேன்" என்று சொல்லிவிட்டான்.

அடித்திருப்பார்கள் என்றுதான் நினைத்தேன். ஜெயிலில் மனு போட்டு அவனைப் போய்ப் பார்த்தேன். கம்பிக்கு அந்தப் பக்கம் பெருவிரல் நகத்தைப் பிய்த்தபடியே நின்றான். "யாரும் கை வைக்கலை பெரியப்பா. உங்க அப்பன் இருந்தா என்ன நினைப்பான்னு திரும்பத் திரும்பக் கேட்டாங்க. அதுக்கு மேல எனக்குப் பேச வரலை."

போன வாடையில் சேவியர் தனியாகக் கடலுக்குப் போனபோது, கூடப் போக வேண்டியவன் தலைவலி என்று படுத்துக்கிடந்தான். அன்றிலிருந்து யார் எதைக் கேட்டாலும் தலை குனிகிறான். ஸ்டேஷனில் அந்தக் குனிவே போதுமாக இருந்திருக்கிறது. அப்பனைத் தனியாக விட்டதற்குத் தண்டனை வேண்டும் என்று என்ஜினை ஒப்புக்கொண்டிருக்கிறான், காதர்!

வக்கீல் தைரியம் சொல்கிறார். போலீஸ் அதிகாரியிடம் கொடுத்த ஒப்புதல் வாக்குமூலம் கோர்ட்டில் செல்லாது. 1872 சாட்சியச் சட்டத்தில் 25ஆவது பிரிவாக இருந்தது, 2023இல் வந்த புதுச் சட்டத்தில் 23ஆவது பிரிவு. அவன் சொல்லிப் பொருள் கிடைத்தால், அது சம்பந்தமான பேச்சு மட்டும் எடுபடும். எடுக்காத என்ஜினை எங்கே காட்டுவான்? உடைமரக் காட்டில் புதைத்தேன் என்றானாம். தோண்டினார்கள், வெறும் மணல்தான்.

என் பயமெல்லாம் மாஜிஸ்திரேட் முன்னால் சொல்லிவிடுவானோ என்பதுதான். அங்கே சொன்னால் நிற்கும். "ஒப்புக்கொள்ள வேண்டிய கட்டாயமில்லை, சொன்னால் உனக்கு எதிராகவே பயன்படலாம்" என்று எச்சரித்த பிறகுதான் அவர் எழுத வேண்டும். தண்டனையைத் தேடிப் போகிறவன் காதில் அது ஏறுமா? அங்கேயும் சொல்வேன் என்கிறான். அவன் அம்மா சாப்பிட்டே எத்தனையோ நாளாகிறது.

அன்று வள்ளத்தைத் தள்ளும் முன் சேவியர் உனக்குத்தானே போன் போட்டான்? "பையனை நான்தான் எழுப்பல, தூங்கட்டும்" என்றானே, அதை நீ உன் வாயால் அவனிடம் சொல்ல வேண்டும். நான் சொன்னால் ஆறுதலுக்குச் சொல்வதாக நினைக்கிறான். சேது எக்ஸ்பிரஸில் ஏறி ராமநாதபுரத்தில் இறங்கு, ஸ்டேஷனில் நிற்கிறேன். மனு போட ஆதார் அட்டை வேண்டும், மறக்காமல் எடுத்து வா.

உன்,
முனியசாமி