இயக்குநருக்கு ஒரு வரி கூடவா இடமில்லை?

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். சென்ற இதழில் ஹாலிவுட் நகைச்சுவை ஜோடி லாரல்-ஹார்டி பற்றி நான்கு பக்கக் கட்டுரை படித்தேன். ‘தி மியூசிக் பாக்ஸ்’ படத்தைப் பற்றிச் சொல்லும்போது, இயக்கியது யாராக இருந்தால் என்ன என்று கட்டுரையாளர் ஒரே வரியில் ஆளை முடித்துவிட்டார். அந்த ‘யாரோ’வின் பெயர் ஜேம்ஸ் பாரட். தங்களுக்குத் தெரியாததல்ல, இடம் போதாமல் போயிருக்கும். எதிர்ப் பக்கத்தில் முழுப் பக்க நகைக்கடை விளம்பரத்தையும் பார்த்தேன்.

கல்லூரி நாட்களில் எங்கள் ஊர்த் திரைப்படக் கழகத்தில் 16 எம்.எம். புரொஜெக்டர் ஓட்டியவன் நான். இந்தப் படத்தை மட்டும் பதினொரு முறை ஓட்டியிருக்கிறேன். லாரலும் ஹார்டியும் ஒரு பியானோப் பெட்டியை நீண்ட படிக்கட்டில் மேலே ஏற்றி முடித்த பிறகு தபால்காரர் வந்து, மேலே வர வண்டிப் பாதையே இருக்கிறதே என்பார். இருவரும் பெட்டியை மறுபடி கீழே இறக்கி, வண்டியில் ஏற்றிக்கொண்டு வருவார்கள்! அந்த இடத்தில் கூட்டம் ஒரு நொடி அமைதியாகி, அப்புறம்தான் சிரிக்கும். அந்த ஒரு நொடி தானாக வந்து உட்காராது.

வேடிக்கைகளை யோசித்ததும் எடிட்டிங்கைப் பார்த்துக்கொண்டதும் லாரல் என்பீர்கள். சரி, ஒப்புக்கொள்கிறேன். அப்படியானால் 1928-ல் ‘டூ டார்ஸ்’, 1929-ல் ‘பெர்ஃபெக்ட் டே’, 1930-ல் ‘ஹாக் வைல்ட்’, 1932-ல் ‘ஹெல்ப்மேட்ஸ்’ என்று அந்த ஜோடியின் படங்களை இயக்க அதே பாரட்டைத் திரும்பத் திரும்ப ஏன் கூப்பிட்டார்கள்? படம் பேச ஆரம்பித்த புதிதில், ஆங்கிலத்தில் எடுத்த கதையையே ஸ்பானிஷிலும் இன்னொரு முறை எடுத்தார்கள். வசனத்தை உச்சரிப்பு மாறாமல் கரும்பலகையில் எழுதி கேமராவுக்கு இந்தப் பக்கம் வைப்பார்களாம். அந்தக் கூத்தையும் கட்டி மேய்த்தவர்களில் பாரட் ஒருவர்.

1932-ல் நகைச்சுவைக் குறும்படத்துக்கு முதன்முதலாக ஆஸ்கர் கொடுத்தபோது வென்றது ‘தி மியூசிக் பாக்ஸ்’. பரிசு போனது தயாரிப்பாளர் ஹால் ரோச்சிடம். பாரட் 1939-ல் 41 வயதில் இறந்தார். அடுத்த ஆண்டே அவருடைய அண்ணன், நடிகர் சார்லி சேஸும் போய்விட்டார்.

அந்தச் சார்லி சேஸ் படத்தைப் போட்டு ‘ஹெரால்ட் லாயிட்’ என்று தாங்கள் அச்சிட்டதைச் சுட்டிக்காட்டி இரண்டு வருடங்களுக்கு முன் எழுதினேன். ‘பரிசீலிக்கிறோம்’ என்று அஞ்சலட்டை வந்தது. பத்திரமாக வைத்திருக்கிறேன். அதற்கு முன் எழுதிய கடிதத்தைப் பாதியாக வெட்டி, மிச்சத்தை வேறு ஊர்க்காரர் பெயரில் போட்டீர்கள். நான் அதைப் பெரிதுபடுத்தவில்லை.

இப்போது கேட்பது பெரிதாக ஒன்றுமில்லை. அடுத்த இதழில் ஏதாவது ஒரு மூலையில் ‘இயக்கம்: ஜேம்ஸ் பாரட்’ என்று ஒரு வரித் திருத்தம் போடுங்கள். பாரட்டை ‘பேரட்’ என்று அச்சடித்துவிட வேண்டாம்.

இப்படிக்கு,
முப்பது வருடச் சந்தாதாரர்,
மதுரை