என் மகனுக்குப் பொன்னாடை வேண்டாம்

மறையூரில் எங்கள் தெரு இளைஞர் மன்றத் தம்பிகளுக்கு,

ஓணம் விழாவில் என் மகனுக்குப் பொன்னாடை போர்த்தப் போகிறீர்களாம். 'கொம்பனை விரட்டிய சிங்கக்குட்டி' என்று ஃப்ளெக்ஸும் கட்டிவிட்டீர்கள். உங்கள் அன்பு பெரிது. ஆனாலும் அதை இறக்கிவிடுங்கள்.

உடுமலையில் வளைகாப்பு முடிந்து, பாட்டி, பிள்ளைகள், பலகாரத் தூக்கு எல்லாமாக ஒன்பது பேர் ஜீப்பில் திரும்பிக்கொண்டிருந்தோம். சின்னாறு காட்டுக்குள் நடுரோட்டில் கொம்பன் யானை ஒன்று நின்றது. வழியில் எங்களோடு ஏறிய வனத்துறை வாச்சர் அண்ணன், முதுவான் பழங்குடிக்காரர், "இஞ்சினை அணைங்க, யாரும் பேசாதீங்க" என்றார். யானையின் காதையே பார்த்துக்கொண்டிருந்தார். காது விசிறுகிற வரைக்கும் பயமில்லையாம். விரிந்து அப்படியே நின்றால்தான் ஆபத்தாம். அரை மணி நேரம். பாட்டிகூட வெற்றிலை இடிக்கவில்லை. கொம்பன் தானாகவே காட்டுக்குள் இறங்கிப் போனது. அப்புறம்தான் என் மகன் குதித்து, சந்தோஷத்தில் தூக்குமூடியைத் தட்டினான். பின்னால் நின்ற காரில் யாரோ எடுத்த வீடியோவில் அந்தப் பத்து விநாடிதான் இருக்கிறது; பார்த்தால் அவன் தட்டித்தான் யானை போனது போலத் தெரியும்.

முதலில் எல்லோரும் சிரித்தோம். நானும் நாலு பேருக்கு அனுப்பினேன். அது என் தப்பு. போன வாரம் கரும்புக்காட்டோரம் யானை வந்தபோது, "வாடா, நீதான் விரட்டுவியே" என்று கூட்டாளிகள் கூப்பிட, பதினொரு வயதுப் பிள்ளை மூடியைத் தூக்கிக்கொண்டு போய்விட்டான். வெல்லம் காய்ச்சுகிறவர்கள் ஓடிப் பிடித்து நிறுத்தினார்கள். "இல்லைன்னா சிரிப்பாங்கம்மா" என்று ராத்திரி முழுக்க அழுதான்.

அந்தக் கொம்பனையும் வீடியோவில் 'கொலைவெறி யானை' என்று போட்டிருக்கிறார்கள். பாவம், அது யாரையும் தொடவில்லை. யானைக்குப் பேர் கெட்டால் என்ன ஆகும் என்று நம் இடுக்கி மாவட்டத்துக்குத் தெரியும். 2023இல் சின்னக்கானலில் மயக்க ஊசி போட்டுப் பிடித்த அரிக்கொம்பன் யானை, பெரியாறு, கம்பம் என்று அலைந்து, மறுபடி ஊசி வாங்கி முண்டந்துறைக் காட்டில் போய் நின்றது.

விழாவுக்கு அந்த வாச்சர் அண்ணனைக் கூப்பிடுங்கள். பொன்னாடை அவருக்கு. யானையின் காதைப் பார்க்கப் பிள்ளைகளுக்கு அவர் சொல்லித் தரட்டும். என் மகனும் மேடையேறி நடந்ததைச் சொல்வான், சரி என்றிருக்கிறான்.

ஃப்ளெக்ஸுக்கு ஆன செலவை நான் தருகிறேன். இன்று சாயங்காலத்துக்குள் கழற்றிவிடுங்கள் தம்பிகளா; நாளைக் காலை அவன் அந்த வழியாகத்தான் பள்ளிக்கூடம் போக வேண்டும்.

உங்கள் அக்கா