சௌரோன் கட்டுரைக்குத் துணைநின்றவர்களுக்கு நன்றி மடல்

திருகோணமலை

அன்பும் மதிப்பும் மிக்கவர்களுக்கு,

வணக்கம். சித்திரையில் தொடங்கி ஆடி வரை மூன்று மாலைகளில் எங்கள் வாசகர் வட்டத்தில் நான் வாசித்த, ஆங்கில எழுத்தாளர் டோல்கீனின் கதைகளில் வரும் கெட்ட மந்திரவாதி சௌரோன் பற்றிய கட்டுரை, திருத்தமெல்லாம் முடிந்து, சென்ற வாரம் தட்டச்சு வடிவில் என் கைக்கு வந்தது. அதன் முன்பக்கத்தில் என் பெயர் ஒன்றுதான் இருக்கிறது. உள்ளே இருப்பவற்றில் என்னுடையது எவ்வளவு, பிறர் தந்தது எவ்வளவு என்பதை நான் அறிவேன். ஆகவே வாய்ச்சொல்லாக நன்றி கூறி முடித்துவிடாமல் எழுத்தில் பதிந்து வைக்க விரும்பி இம்மடலை எழுதுகிறேன். பெயர் குறிப்பிட வேண்டாமென்று சிலர் கேட்டுக்கொண்டதால் ஒருவரையும் பெயர் சொல்லாமல் எழுதுகிறேன். தாங்கள் யாரென்பது உரியவர்களுக்குத் தெரியும்.

கட்டுரை எடுத்துக்கொண்ட கேள்வி சிறியது. டோல்கீன் 1937இல் வெளியிட்ட 'ஹாபிட்' என்னும் சிறுவர் கதையில், பெருங்காட்டின் தென்பகுதிக் கோட்டையொன்றில் ஒளிந்திருக்கும் மந்திரவாதி ஒருவன் வருகிறான். வருகிறான் என்பதுகூட மிகைதான். ஒருமுறையேனும் அவன் முகம் காட்டுவதில்லை. நல்ல மந்திரவாதியான காண்டால்ஃப் தன் கூட்டத்தாரை நடுவழியில் விட்டுப் பிரிவதற்கு ஒரு காரணம் வேண்டியிருந்தது, அதற்குமேல் அவனுக்குக் கதையில் பெரிய வேலை எதுவும் இருக்கவில்லை என்று டோல்கீனே பின்னாளில் ஒரு கடிதத்தில் எழுதியிருக்கிறார். அப்படி ஓரத்தில் நின்றவன், 1954இலும் 1955இலும் மூன்று பாகங்களாக வந்த 'லோர்ட் ஒஃப் த ரிங்ஸ்' என்னும் பெருங்கதையில் மோதிரங்களின் தலைவனாக நடுவில் வந்து அமர்ந்தது எவ்வாறு, அவன் அதற்கு முன் யாராக இருந்தான் என்பதே நான் தேடியது.

தேடுவதற்கு வேண்டிய நூல்கள் இங்கே கிடைக்கவில்லை. ரொறன்ரோவில் இருக்கும் என் அக்காவின் மகன், ஊருக்கு வந்த ஒருவரின் பெட்டியில், பால்மாப் பைகளுக்கும் சொக்கிலேற் பெட்டிகளுக்கும் நடுவே மூன்று தடித்த தொகுதிகளை வைத்து அனுப்பினார். தந்தை விட்டுச்சென்ற கையெழுத்துப் படிகளை மகன் கிறிஸ்தோபர் டோல்கீன் பன்னிரண்டு தொகுதிகளாகப் பதிப்பித்தாரே, அவற்றில் 1984, 1985, 1993ஆம் ஆண்டுகளில் வெளியான மூன்று அவை. பெட்டியைச் சுமந்து வந்தவர் விமான நிலையத்தில் எடை கூடிப்போனதற்காகத் தம்முடைய சப்பாத்துச் சோடியொன்றை எடுத்து வெளியே வைத்தார் என்று பிறகுதான் அறிந்தேன். மருமகனுக்கும், அந்தச் சப்பாத்துக்காரருக்கும் என் முதல் நன்றி.

அந்தத் தொகுதிகள் இல்லாதிருந்தால் பூனையின் கதை எனக்குத் தெரிந்திராது. 1917 அளவில் டோல்கீன் எழுதிய பழைய வடிவத்தில், பின்னாளில் சௌரோன் நிற்கப்போகும் இடத்தில் மந்திரவாதியே கிடையாது. தெவில்தோ என்னும் பூனைகளின் அரசன் இருக்கிறான். கழுத்தில் பொற்பட்டி அணிந்த அந்தப் பூனை, கதாநாயகன் பெரனைப் பிடித்துத் தன் சமையற்கட்டில் அடிமையாக வைத்திருக்கிறது. ஹுவான் என்ற வேட்டைநாய் அதை வென்ற பிறகு, அதன் கோட்டைக் கற்களை ஒன்றோடொன்று பிணைத்திருந்த மந்திரம் வெளியாகி எல்லாம் குலைகிறது. 1925இல் அதே கதையைச் செய்யுளாக எழுதத் தொடங்கியபோது டோல்கீன் பூனையை எடுத்துவிட்டு, ஓநாய்களுக்கும் ஆவிகளுக்கும் தலைவனான மந்திரவாதி ஒருவனை அங்கே வைத்தார். நாயை மட்டும் எடுக்கவில்லை. நாய்க்கும் பூனைக்கும் உள்ள ஊரறிந்த பகைதான், நாய்க்கும் ஓநாய் உருவெடுத்த மந்திரவாதிக்கும் நடக்கும் போராக இன்றும் அக்கதையில் நிற்கிறது. அப்போது அந்த மந்திரவாதியின் பெயர் 'தூ'. நான் அதை வாசித்தபோது முன்வரிசைப் பிள்ளைகள் சிரித்த சிரிப்பில் ஐந்து நிமிடம் போயிற்று. தமிழில் யோசித்து வைத்திருந்தாலும் அதைவிடப் பொருத்தமாக அமைந்திராது. சௌரோன் என்ற பெயர் 1930களின் நடுப்பகுதியில்தான் வருகிறது. ஆக, 1937இன் சிறுவர் கதையில் பெயரில்லாமல் ஒளிந்திருந்தவன், எழுதியவரின் மேசை இழுப்பறையில் ஏற்கெனவே இருபது வயதைத் தொட்டிருந்தான்.

அந்தப் பெயரைத் தமிழில் எழுதும் முறையைத் தந்தவர், எங்களோடு முப்பது ஆண்டுகள் தமிழ் கற்பித்து ஓய்வுபெற்ற ரீச்சர். நான் 'சாரோன்' என்று எழுதிக்கொண்டு போயிருந்தேன். எழுத்தாளரே ஒலிப்புக் குறிப்பு எழுதியிருக்கிறாரா என்று அவர் கேட்டார். எழுதியிருந்தார், பெருங்கதையின் பின்னிணைப்பில் அந்த ஈருயிர் ஒலி எப்படி ஒலிக்கவேண்டும் என்று தெளிவாகவே இருந்தது. "அதுக்கெண்டுதானே எங்களிட்டை ஔகாரம் இருக்கு" என்று சிவப்பு மையால் திருத்தினார். சௌந்தரியத்துக்கும் சௌபாக்கியத்துக்கும் உரிய எழுத்தை இவனுக்குக் கொடுப்பதா என்று எனக்குத் தயக்கம். ஆனால் 2007இல் வெளியான டோல்கீனின் மொழிக்குறிப்புகளைப் பார்த்தால் அது பொருத்தமே. இவனுடைய முதற்பெயர் மைரோன். வியந்து போற்றத்தக்கவன் என்று பொருள். வெறுக்கத்தக்கவன் என்னும் பொருளுடைய சௌரோன் என்பது மற்றவர்கள் சூட்டியது. நூமெனோர் என்னும் தீவு அழியும்வரை அவன் தன்னை மைரோன் என்றே சொல்லிக்கொண்டான்.

கட்டுரையின் நடுப்பகுதி முழுவதும் பெரியகடைப் பக்கம் நகைவேலை செய்யும் பத்தர் ஐயாவுக்குக் கடன்பட்டது. சௌரோன் செய்த மோதிரத்தை அடுப்பில் இட்டதும் அதில் நெருப்பெழுத்துகள் தோன்றுவதாகவும், எடுத்துக் கையில் வைத்தால் அது குளிர்ந்தே இருப்பதாகவும் கதையில் வருகிறதே, இதை ஒரு பொற்கொல்லர் எப்படிப் பார்ப்பார் என்று கேட்கத்தான் போனேன். அவர் பதில் சொல்லவில்லை. பழைய மோதிரமொன்றைக் குறட்டால் பிடித்துக் கரியின்மேல் வைத்து ஊதுகுழலை வாயில் வைத்தார். மோதிரம் சிவந்தது, பிறகு, கலப்பிலிருந்த செம்பு மேலே வந்து கறுத்தது. புளித்தண்ணீரில் போட்டபோது 'சொய்' என்று ஓசை எழும்பி, ஆறியதும் தேய்த்துக் கழுவ மஞ்சள் திரும்பியது. அதைத் துணியால் துடைத்தபடி, "தம்பி, நெருப்புக்குள்ள கிடந்தும் சூடேறேல்லை எண்டால், அதுக்குள்ள பொன்னைவிட வேறை என்னவோ கிடக்கு" என்றார். நூலாசிரியர் சொல்லவந்ததும் அதுதான்: தன் வலிமையின் பெரும்பங்கைச் சௌரோன் அந்த மோதிரத்துக்குள் வார்த்து வைத்திருந்தான். இன்னொன்றும் பத்தர் ஐயா சொன்னார். தாம் செய்த நகை எந்தக் கழுத்தில் கிடந்தாலும், பற்றவைத்த இடத்தைப் பார்த்தே தம் கைவேலையென்று கண்டுகொள்வாராம்.

இந்தப் பட்டறையில் இருந்து எழும்பியபோதுதான் என் கட்டுரையின் பாதை மாறியது. அதுவரை நான் சௌரோனை மந்திரவாதி என்ற பக்கத்திலிருந்தே பார்த்துக்கொண்டிருந்தேன். 1977இல் வெளியான 'சில்மரில்லியன்' அவனைக் கம்மியன் என்ற பக்கத்திலிருந்து அறிமுகம் செய்கிறது. அவன் தொடக்கத்தில் அவுலே என்னும் தேவகொல்லனின் பணியாளர்களில் ஒருவன். அன்னாதார், அதாவது கொடைகளின் தலைவன், என்ற பெயரில் எரேகியோன் நகரத்துக் கம்மியரிடம் அவன் வந்தபோது வாளோடு வரவில்லை. தொழில் நுட்பம் கற்றுத்தருவதாகவே வந்தான். அவனுக்குத் தெரியாமல் அக்கம்மியரின் தலைவன் கெலெப்ரிம்போர் தனியாகச் செய்த மூன்று மோதிரங்களில் மட்டும் அவன் கை படவில்லை. பெருங்கதையின் இன்னொரு கெட்ட மந்திரவாதியான சாருமானும் இதே அவுலேயின் பட்டறையைச் சேர்ந்தவன் என்பது தற்செயலென்று எனக்குத் தோன்றவில்லை.

இங்கே ஒன்றைச் சொல்லிவிட வேண்டும். சௌரோனின் இனத்தாரை ஒருமையில் 'மாயா' என்று டோல்கீன் அழைப்பதைக் கேட்ட அன்பர் ஒருவர், இது நம் அசுரத்தச்சன் மயனேதான், கதை இங்கிருந்துதான் போயிருக்கிறது என்று எழுந்து நின்று பேசினார். அவருடைய ஆர்வத்துக்கு நன்றி. ஆனால் அந்தப் பெயர் டோல்கீன் தாமே கட்டிய மொழியில் தாமே வைத்தது. ஓசை ஒத்திருப்பதைக் கொண்டு உறவு கொண்டாட முடியாது.

ஆங்கிலக் கதையில் இவனுக்குள்ள 'நெக்ரொமான்சர்' என்ற அடைமொழி, இறந்தவர்களைக் கொண்டு வித்தை செய்பவன் என்று பொருள்படும். அதைத் தமிழில் சூனியக்காரன் என்றால் இறந்தவர்கள் விடுபட்டுப் போகிறார்கள்; ஆவியழைப்போன் என்றால் ஏதோ வீட்டுக் கூடத்தில் மேசையைச் சுற்றி அமர்ந்திருப்பதுபோல இருக்கிறது. சாம்பல்தீவில் இருக்கும் என் பெரியம்மா, எண்பது வயதைக் கடந்தவர், பாக்கு இடித்துக்கொண்டே, "அவன் கூப்பிடுறானோ, ஏவுறானோ?" என்று கேட்டார். 1993இல் வந்த தொகுதியில் அதற்கு விடை இருந்தது: உடலிழந்து அலையும் ஆவிகளோடு பேச முயல்வது ஆபத்து, அவற்றைத் தன் பணியாளாக்க முயல்வதே பெருந்தீமை, அவ்வித்தை சௌரோனின் கூட்டத்தாருக்கு உரியது. அப்படியானால் ஏவல் என்ற சொல் நம்மிடம் எப்போதோ ஆயத்தமாக இருந்திருக்கிறது. கட்டுரை முழுவதும் 'ஏவல் மாந்திரீகன்' என்று வருவது பெரியம்மாவின் கொடை.

முதல் மாலையில் நான் விட்ட பிழையைத் திருத்தியவர் ஒரு உயர்தர மாணவி. சௌரோனுக்கு உடம்பே இல்லை, கோபுரத்தின்மேல் எரியும் கண் ஒன்றுதான் அவன் என்று நான் அடித்துச் சொல்லியிருந்தேன். கூட்டம் கலைந்த பிறகு அந்தப் பிள்ளை வந்து, "சேர், கொல்லம் அவரைக் கண்டிருக்கிறான், கையில நாலு விரல்தான் எண்டு சொல்லுறான்" என்று பக்கத்தைக் காட்டினார். கொல்லம் என்பவன் அந்த மோதிரத்தை முன்பு வைத்திருந்தவன். மோதிரத்தோடு வெட்டுண்ட விரல் திரும்ப முளைக்கவில்லை என்ற அந்த ஒரு விவரத்தை நான் மூன்று முறை படித்தும் கடந்து போயிருந்தேன். அவரே இன்னொரு முரணையும் காட்டினார்: சௌரோன் தன் உண்மைப் பெயரை எழுதவும் பேசவும் விடுவதில்லை என்று கதாநாயகர்களில் ஒருவனான அரகோர்ன் ஓரிடத்தில் கூறுகிறான், கடைசிப் பாகத்தில் அவனுடைய தூதனோ, தான் சௌரோனின் வாய் என்று அறிவித்துக்கொண்டே வருகிறான். தன் சொந்தப் பெயரையே மறந்துபோன அந்தத் தூதனைப் பற்றித் தனியாக ஒரு கட்டுரை எழுதலாம். அதை அந்த மாணவியே எழுதவேண்டும்.

சௌரோனைக் கெடுத்தது ஒழுங்கின்மேல் அவனுக்கிருந்த ஆசை, குழப்பத்தையும் வீண் இழுபறியையும் அவனால் பொறுக்க முடியவில்லை என்று நான் வாசித்தபோது, அலுவலகக் கணக்காளராக இருந்து ஓய்வுபெற்ற அண்ணர் ஒருவர் பின்வரிசையிலிருந்து, "பைல் எல்லாம் ஒழுங்காய் இருக்கவேணும் எண்டுதான் நாங்களும் தொடங்கினாங்கள்" என்றார். ஒரு பக்கம் விளக்கவேண்டியதை அவர் ஒரு வரியில் முடித்துவைத்தார். பிரதி எடுக்கக் கொடுத்த இடத்தில் காணாமற்போன பதினான்கு பக்கங்களை ஓர் இரவில் மீண்டும் தட்டச்சுச் செய்து தந்ததும் அவருடைய மகள்தான்.

மூன்றாம் மாலையில் நூமெனோரின் அழிவு. சௌரோனின் தூண்டுதலால் அத்தீவின் மன்னன் தேவர்களின் கரைமேல் படையெடுக்க, கடல் எழுந்து தீவையே விழுங்குகிறது. சௌரோனின் அழகிய உடலும் அதில் அழிய, அதன்பின் கண்ணுக்கினிய உருவம் எடுக்கும் ஆற்றல் அவனுக்கு இல்லாமற்போகிறது. பேரலை எழுந்து வரும் கனவு டோல்கீனை வாழ்நாளில் பலமுறை துரத்தியது. நமக்கோ கடல்கோள் என்ற சொல் பழைய உரைகளிலேயே உண்டு, ஆகையால் மொழிபெயர்ப்பு எளிதாயிற்று. அலையை நான் இரண்டு பக்கத்துக்கு விரித்து எழுதியிருந்தேன். வாசிப்பதற்குச் சற்று முன் கூட்டத்தின் மூத்தவர் ஒருவர் அருகே வந்து, இரண்டாம் வரிசையில் இருப்பவர்கள் கரையோரத்திலிருந்து வந்தவர்கள், 2004ஐ வீட்டுக்குள் கண்டவர்கள், அந்தப் பந்தியைச் சுருக்கி வாசியுங்கோ என்று மெதுவாகச் சொன்னார். நான்கு வரிகளில் கடந்தேன். அச்சுப் படியிலும் அந்த நான்கு வரிகளே இருக்கின்றன.

முடிவுப் பகுதியைத் தந்தவர் கோணேசர் கோவிலுக்கு நாள்தோறும் போய்வரும் என் நண்பர். முதல் யுகத்தின் இறுதியில் தன் தலைவன் வீழ்ந்ததும் சௌரோன் அழகிய உருவோடு வந்து பணிகிறான். தேவர்களிடம் சென்று தீர்ப்பைக் கேள் என்று சொல்லப்பட்டபோது, தலைகுனிந்து திரும்ப வெட்கப்பட்டு மறைந்துபோகிறான். அச்சத்தால் வந்த மனமாற்றமாக இருந்தாலும், அந்தக் கணம்வரை அவனுக்குக் கதவு திறந்தே இருந்தது. இதைக் கேட்ட நண்பர், சம்பந்தர் கோணமாமலைக்குப் பாடிய பதிகத்தின் எட்டாம் பாடலைப் பார்க்கச் சொன்னார். மலையை எடுத்தவனின் செருக்கை விரலால் அடக்கியவர், அவன் ஏத்தியபோது பேறும் அளித்தார் என்கிறது அப்பாடல். இராவணன் வெட்டு என்று நாம் காட்டும் பாறைப் பிளவை அறுபது ஆண்டுகளாகப் பார்த்து வருகிறேன். மலைக்கடியில் நசுங்கியபடி பாடியவனையும், பாட மறுத்து இருட்டுக்குள் நடந்தவனையும் பக்கத்தில் வைத்துப் பார்க்க எனக்குத் தோன்றியதில்லை. சௌரோன் பிறக்கும்போது இருளாக இருக்கவில்லை என்று கதையிலேயே எல்ரொண்ட் என்னும் பாத்திரம் சொல்வதை நான் அதுவரை ஒரு தகவலாகவே குறித்து வைத்திருந்தேன்.

திருத்திய படிகள் ஆறு, வாசகர் வட்டச் செயலாளரிடம் இருக்கின்றன. வேண்டியவர்கள் கேட்டுப் பெற்றுக்கொள்ளலாம். பத்தர் ஐயாவுக்கான படியைப் பெரிய எழுத்தில் அடித்து நானே கொண்டுபோய்க் கொடுக்கிறேன். மாணவியின் நூல் இன்னும் என் மேசையிலேயே இருக்கிறது. வரும் சனிக்கிழமை திருப்பித் தருவேன். நான்கு விரல் வரும் பக்கத்தின் மூலையை மடித்துவிட்டேன், பிள்ளை, அதற்காக மன்னிக்கவேண்டும்.

நன்றியுடன்,
உங்கள் அன்புள்ள
ஓய்வுபெற்ற ஆங்கில ஆசிரியன்