உன் பூதங்களுக்கு ஒரு வேலை கொடு

உ
சிவமயம்

தேவகோட்டை

அன்பு மகள் உமையாளுக்கு ஆத்தா எழுதுவது. நானும் அப்பச்சியும் நலம். நீயும் மாப்பிள்ளையும் பேரனும் நலமாக இருக்கப் பிள்ளையார்பட்டிப் பிள்ளையார் துணை.

நீ அனுப்பிய படங்களை அப்பச்சி பெரிய தாளில் அச்செடுத்து வந்தார். பட்டாலையில் பரப்பி வைத்து விளக்கு வைக்கும் நேரம் வரை பார்த்துக்கொண்டிருந்தோம். மேகத்துக்கு மேலே ஓர் உலகம், அதில் பளிங்கு உடம்போடு திரிகிற உயிர்கள், மூன்று கண்ணும் மீன் செதிலுமாக அந்தக் குட்டி! கோடு ஒவ்வொன்றிலும் உன் கை தெரிகிறது. குழந்தைகளுக்குப் படக்கதை செய்ய நீ எடுத்திருக்கும் முயற்சி எனக்கு எவ்வளவு பெருமை என்று சொல்லி முடியாது. அதனால்தான் மனதில் பட்டதை மறைக்காமல் எழுதுகிறேன். இந்த உயிர்கள் பறக்கின்றன, ஒளிர்கின்றன, சிரிக்கின்றன. அங்கே அவற்றுக்கு என்ன வேலை?

நம் பழைய கதைகளில் வேலையில்லாத பூதம் கிடையாது. நம்மவர்கள் காவிரிப்பூம்பட்டினத்திலிருந்து வந்தவர்கள் என்று வழிவழியாகச் சொல்கிறோம் அல்லவா, அந்த ஊரின் நாற்சந்தியில் ஒரு பூதம் இருந்ததைச் சிலப்பதிகாரம் சொல்கிறது. பொய்ச் சாட்சி சொல்பவன், புறங்கூறுபவன், தவவேடத்துக்குள் ஒளிந்து தப்புச் செய்பவன், இப்படிப்பட்டவர்களைக் கயிற்றால் கட்டி, அறைந்து உண்ணும். நான்கு காத தூரத்துக்குக் கேட்கும்படி முதலிலேயே குரல் கொடுத்து எச்சரித்துவிடும். எச்சரித்த பிறகுதான் தண்டனை. பள்ளிக்கூடத்தில் இந்தப் பகுதியை நடத்தும்போதெல்லாம் பிள்ளைகள் முதலில் கேட்பது அதன் உருவத்தை. இரண்டு நாள் கழித்து, ‘பொய் என்று அதற்கு எப்படித் தெரியும் டீச்சர்?’ என்று கேட்பார்கள். அந்த இரண்டாவது கேள்விதான் கதை.

இதே பூதம் இன்னோர் இடத்திலும் வருகிறது. கற்புடைய ஒரு பெண்ணின் மேல் பழி சொல்லி அவள் கணவனிடம் பொய்ச் சாட்சி சொன்ன ஒருவனை அது கட்டிப்போடுகிறது. அவனைப் பெற்றவள் துடிக்கிறாள். அவள் படும் பாட்டைக் கண்ட கோவலன் தானே அந்தக் கயிற்றுக்குள் போய் நின்று, என் உயிரை எடுத்துக்கொண்டு இவனை விட்டுவிடு என்று கேட்கிறான். பூதம் மறுத்துவிடுகிறது. கெட்டவன் உயிருக்கு மாற்றாக ஒரு நல்ல உயிரை வாங்கினால் எனக்கு மேல்கதி போய்விடும், அந்தப் பழக்கம் எனக்கு இல்லை என்கிறது. உமையாள், இதைக் கொஞ்சம் நிறுத்திப் படி. மனிதனை உண்கிற பூதம், தன் மறுமையை எண்ணிக் கவலைப்படுகிறது! அதற்கு ஒரு நெறி இருக்கிறது, அந்த நெறியை மீறினால் அதற்கே இழப்பு இருக்கிறது. உணர்வுள்ள உயிர் என்று அதை நம்ப வைப்பது அதுதான். கோவலனோ அத்தோடு வீட்டுக்குப் போய்விடவில்லை. அந்தத் தாயையும் அவள் சுற்றத்தையும் பல ஆண்டு காப்பாற்றினான்.

வேற்றுலகத்துக்காரர்கள் நம் மண்ணில் கால் வைத்தால் என்ன ஆகும் என்பதற்கு மணிமேகலையில் காயசண்டிகை இருக்கிறாள். வானத்தில் பறக்கும் விஞ்சையர் குலத்துப் பெண். கணவனோடு பொதிய மலையைப் பார்க்க வருகிறாள். ஆற்றங்கரையில் ஒரு தேக்கிலை, அதன்மேல் பனம்பழம் பருமனுக்கு ஒரு நாவற்பழம். பன்னிரண்டு ஆண்டுக்கு ஒருமுறை ஒன்றே ஒன்று பழுப்பது. அதை உண்பதற்காகவே நோன்பிருக்கும் முனிவர் கரையில் வைத்துவிட்டுக் குளிக்கப் போயிருக்கிறார். இவள் காலால் சிதைத்துவிடுகிறாள். சாபத்தில் பறக்கும் மந்திரம் மறந்துபோகிறது, எவ்வளவு உண்டாலும் தணியாத யானைத்தீ என்னும் பசி பிடிக்கிறது. மணிமேகலை அமுதசுரபியிலிருந்து இட்ட சோற்றில்தான் அந்தப் பசி தீர்ந்தது. தீர்ந்தும் அவள் ஊர் போய்ச் சேரவில்லை. விந்தியமலைக்கு மேலாகப் பறந்தாள். அந்த மலையைக் காக்கும் விந்தாகடிகை, மேலே பறப்பவர்களின் நிழலைப் பிடித்து இழுத்து விழுங்குபவள். வானத்துக்கும் எல்லை உண்டு, எல்லைக்கும் காவல் உண்டு. உன் மேகத்து உலகத்தில் யாரும் போகக்கூடாத இடம் எது? அதை முதலில் வரைந்துவிடு. மற்றதெல்லாம் தானாக வரும்.

சின்ன அடையாளங்களையும் விட்டுவிடாதே. தேவர்களுக்குக் கண் இமைக்காது, கால் நிலத்தில் தோயாது, சூடிய மாலை வாடாது. தேவர்களும் நளன் உருவிலேயே வந்து அமர்ந்திருந்த சுயம்வர மண்டபத்தில் தமயந்தி தன் நளனைக் கண்டுபிடித்தது இவற்றை வைத்துத்தான். இமைத்தவன் எவனோ, மாலை வாடியவன் எவனோ, அவனே மனிதன். உன் குட்டிக்கு மூன்று கண் இருக்கிறதே, அதில் எது இமைக்கும் என்று நீ முடிவு செய்துவிட்டால் பேரன் ஒவ்வொரு பக்கத்திலும் அதைத் தேடிப் பார்ப்பான்.

நம் வீட்டு முகப்பு நிலையில் இருக்கும் யாளியைப் படம் எடுத்து இத்துடன் வைத்திருக்கிறேன். பாட்டையா பர்மாத் தேக்கில் செய்வித்தது. சிங்கத்தின் உடம்பு, யானையின் துதிக்கை. நன்றாகப் பார்: பின்னங்கால் இரண்டையும் ஊன்றி, கழுத்தை வளைத்து, மேலே இருக்கும் உத்தரத்தைத் தலையில் தாங்குகிறது. தொடையில் நரம்பு புடைத்திருக்கிறது. பல்லிடுக்கில் உளி போன தடம் இன்னும் தெரிகிறது. இல்லாத ஒரு விலங்குக்கு இவ்வளவு பாரத்தை ஏற்றி வைத்த ஆசாரியின் கையை நினைத்தால் எனக்கு மெய்சிலிர்க்கிறது.

ஒன்றை மட்டும் கேட்டுக்கொள்கிறேன். கருப்பரையும் அய்யனாரையும் இந்தக் கதைக்குள் இழுக்காதே. அவர்கள் நாம் கும்பிடுகிறவர்கள். படைப்பு அன்று புதுத்துணி வைத்து வணங்கும் முன்னோர்களும் அப்படித்தான். அய்யனாருக்கு மண்குதிரை எடுக்கும் புரவியெடுப்புத் திருவிழாவுக்கு, மண்பாண்டம் செய்யும் வேளார் செய்கிற குதிரையின் அழகைப் பார்த்துப் படி, அதன் நிமிர்ந்த கழுத்தை வரைந்து பழகு, தவறில்லை. தெய்வத்தைப் பாத்திரமாக்க வேண்டாம். பூதங்களும் விஞ்சையரும் இசை பாடும் கின்னரரும் உனக்குப் போதும்.

செதில் குட்டிக்கு என்ன பசி, யாருக்கு அது பயப்படும், எந்த வாசலைக் காக்கிறது என்று எழுதி அடுத்த படங்களோடு அனுப்பு. அதற்குப் பெயர் வைக்க வேண்டும் என்று அப்பச்சி காத்திருக்கிறார். வேலை என்னவென்று தெரியாமல் பெயர் வைக்க மாட்டாராம்.

பேரனுக்கு எங்கள் ஆசி.

இப்படிக்கு
ஆத்தா