இருட்டு என்று சொன்னது

கிளிநொச்சி,
மார்கழி.

அன்புள்ள தம்பிக்கு,

அப்பா எழுதுவது. இங்கே எல்லோரும் சுகம். இரணைமடுக் குளத்து வான்கதவு திறந்துவிட்டார்கள், எங்கள் வயலுக்குப் பாதிப்பில்லை. நீ நேரத்துக்குச் சாப்பிடுகிறாயா? குளிருக்குள் கெமராவைத் தூக்கிக்கொண்டு திரிகிறாய், காதை மூடிக்கொள். போன் எடுக்க நேரமில்லாவிட்டால் ஒரு மெசேஜ் போட்டாலும் அம்மாவுக்குப் போதும்.

உன் மச்சாள் தன் போனில் உன்னுடைய பகிடிப் படத்தைக் காட்டினாள். மூன்று தரம் பார்த்தேன். ஆளுக்கு வெளிச்சம் போடாமல் அறைக்கே போட்டிருக்கிறாய். அதனால்தான் நடிக்கிறவர்கள் நினைத்த பக்கம் திரும்புகிறார்கள். கிட்டப் போகாமல் தள்ளி நின்று எடுத்ததால், கதிரை உடைந்து விழுகிறவரும் தெரிகிறார், கண்டும் காணாததுபோல் தேத்தண்ணி குடிக்கிற மாமியாரும் தெரிகிறார். சிரிப்பு அந்த மாமியாரில்தான் இருக்கிறது. விழுகிறவரின் முகத்தை மட்டும் பெருப்பித்திருந்தால் போயிருக்கும். 30 வருஷம் ஸ்டூடியோ வைத்திருந்தவன் சொல்கிறேன், நல்ல வேலை. ஆனால் படம் வந்ததை நீ எங்களுக்குச் சொல்லவில்லை. ஊர் சொல்லித்தான் தெரிந்தது. சரி, சாப்பாட்டைக் கவனி.

சத்யஜித் ராயின் கெமராக்காரர் சுப்ரதா மித்ரா பற்றி நீ சொன்னபோது நான் காது கொடுக்கவில்லை. 1956இல் காசி வீட்டு முற்றத்தை ஸ்டூடியோவுக்குள் போட்டு, மேலே வெள்ளைத் துணி கட்டி, கீழிருந்து அதில் விளக்கடித்து, திரும்பி விழுந்த வெளிச்சத்தில் எடுத்தார் என்றாய். போன கிழமைதான் எனக்கு விளங்கியது. செட்டிக்குளம் அகதி முகாமில் வெள்ளைத் தறப்பாளுக்குள் எங்கள் முகங்களும் அப்படித்தான் இருந்தன, நிழலே விழாமல்.

ஆவணப்படத்துக்கு நீ வந்தபோது விறாந்தையில் பொழுதுபடுகிற வெளிச்சத்தில் என்னை எடுத்தாய். இருட்டு, முகம் தெரியாது, லைட்டைப் போடு, இல்லாவிட்டால் நிற்பாட்டு என்று கத்தினேன். நீ நிற்பாட்டினாய். தம்பி, அது இருட்டாக இருக்கவில்லை. நீ அக்காவைப் பற்றிக் கேட்டுவிட்டாய்.

அவளுடைய படம் எங்களிடம் ஒன்றே ஒன்று. பவுடர் பூசி, நீர்வீழ்ச்சி கீறிய சீலைக்கு முன்னால் விறைத்து நிற்பது. கோழிக்குத் தீன் போடும்போது ஒன்று எடுங்கோ அப்பா என்று கேட்டாள். பிலிமுக்குத் தட்டுப்பாடான காலம், வீணாக்க ஏலாது, ஸ்டூடியோவுக்கு வா என்றேன். பிறகு எல்லா வாசலிலும் அந்தப் படத்தைத்தான் நீட்டினோம். பார்த்தவர்கள் எல்லாம் இப்படியொரு பிள்ளையைக் காணவில்லை என்றார்கள். அவள் ஒருநாளும் அப்படி இருந்ததில்லையே.

லீவு கிடைத்தால் கெமராவோடு வா. அதே விறாந்தையில் அதே நேரத்துக்கு இருக்கிறேன். லைட் வேண்டாம்.

காதை மூடிக்கொள்.

அப்பா