கொழுந்தனார் கடனுக்கு என் அம்மா கொடுத்த வீடா?

எங்கள் வீட்டை ஜப்தி செய்ய மனுப் போட்ட நிதி நிறுவனத்தின் வசூல் பிரிவினருக்கு, வணக்கம்.

போன மாதம் ஒரு செவ்வாய்க்கிழமை காலை, திருமங்கலத்துக்குத் தெற்கே இருக்கும் எங்கள் தெருவில் தண்டோரா போட்டார்கள். நான் திண்ணையில் பூக் கட்டிக்கொண்டிருந்தேன். கோர்ட் உத்தரவை நிறைவேற்ற வந்த அமீனா அதைச் சத்தமாகப் படித்தார். கதவில் நான் வைத்திருந்த மஞ்சள் குங்குமத்தின் மேலேயே பசை தடவி நோட்டீஸை ஒட்டினார்கள். மத்தியானம் வரை அந்தப் பசை காயவில்லை, கதவைத் தள்ளும்போதெல்லாம் கையில் ஒட்டியது. அமீனா மேல் எனக்கு வருத்தமில்லை. தாளில் இருந்ததைச் செய்தார். அந்தத் தாளில் என் வீட்டை எழுதிக் கொடுத்தது நீங்கள்.

லோடு வண்டி வாங்கக் கடன் எடுத்தவர் என் கணவரின் தம்பி. நானோ என் கணவரோ ஜாமீன் கையெழுத்துப் போடவில்லை. கல்யாணத்துக்கு முன் நாலு வருடம் எங்களோடு இருந்தார், அதனால் அவருடைய ஆதாரில் எங்கள் விலாசம் இருக்கிறது. அவ்வளவுதான். வாங்கிய கடனை அவர் கட்டத்தான் வேண்டும். அவர் பெயரில் இருப்பதை எடுங்கள், நான் குறுக்கே வர மாட்டேன்.

இந்த வீட்டை 1997-ல் என் அம்மா எனக்குத் தான செட்டில்மென்ட் எழுதிக் கொடுத்தார். விடியுமுன் மல்லிகை பறித்து, மூட்டையைத் தலையில் வைத்து மதுரைக்கு பஸ் ஏறிச் சேர்த்த காசில் கட்டிய வீடு. பத்திரத்தின் கடைசிப் பக்கத்தில் அம்மாவின் பெருவிரல் ரேகை கொஞ்சம் இழுபட்டிருக்கும். எழுத்துத் தெரியாதவர், கை நடுங்கிவிட்டது. பட்டா, வீட்டு வரி ரசீது, எல்லாம் என் பெயரில். 1956-ம் வருட இந்து வாரிசுரிமைச் சட்டத்தின் 14-ம் பிரிவுப்படி இது முழுக்க என் சொத்து. என் கணவருக்கே இதில் பங்கில்லை என்கிறபோது அவர் தம்பிக்கு எங்கிருந்து வந்தது?

அப்பாவின் கடனையே எடுத்துக்கொள்ளுங்கள். அதை அடைப்பது பிள்ளையின் தர்மம் என்ற ஒரே காரணத்தைச் சொல்லி, அதே வாரிசுரிமைச் சட்டத்தின் 2005 திருத்தத்துக்குப் பிறகு வாங்கிய கடனுக்கு மகன் மேல் போக முடியாது. இறந்தவரின் கடன் என்றாலும், அவரிடமிருந்து வாரிசு கைக்கு வந்த சொத்தின் அளவுக்குத்தான் பொறுப்பு. இதெல்லாம் என்னைவிட உங்கள் வக்கீலுக்கு நன்றாகத் தெரியும்.

சர்வே எண்ணைப் போட்டு வில்லங்கம் பார்த்திருந்தால் வீடு யாருடையது என்று மனுப் போடும் முன்பே தெரிந்திருக்கும். பார்க்காமல் விட்டீர்கள் என்று நான் நம்பவில்லை. நோட்டீஸ் ஒட்டிய மூன்றாம் நாள் உங்கள் ஆபீசிலிருந்து போன் வந்தது. “பாதியாவது கட்டுங்கம்மா, ஜப்தியை எடுத்துரலாம்” என்றார் பேசியவர். என்னிடம் ஏன் கேட்கிறீர்கள் என்றதற்கு, “குடும்ப மானம் இல்லையா?” என்றார். நாலு பேர் முன்னால் தண்டோரா போட்டால் பெண்பிள்ளை நகையை விற்றாவது கட்டிவிடுவாள் என்பதுதான் உங்கள் கணக்கு. பக்கத்து ஊரில் ஒரு பெரியம்மா, மச்சினன் மகன் கடனுக்கு அப்படித்தான் வளையலைக் கழற்றிக் கொடுத்தார். மறுப்புச் சொல்லலாம் என்று அவரிடம் யாரும் சொல்லவில்லை.

சொல்லலாம். சிவில் நடைமுறைச் சட்டம் 21-வது கட்டளை, 58-வது விதி அதற்கென்றே இருக்கிறது. ஏலம் முடிவதற்குள், தாமதிக்காமல், ஜப்தி செய்த அதே கோர்ட்டில் மனுப் போட வேண்டும். 1976 திருத்தத்துக்குப் பிறகு தனி வழக்கு வேண்டியதில்லை, சொத்து யாருடையது என்பதை அங்கேயே விசாரித்து முடிவு செய்வார்கள். நான் போட்டுவிட்டேன். மூலப் பத்திரமும் வரி ரசீதுகளும் கையில் தயாராக இருக்கின்றன.

ஆனால் மனு முடியும் வரை வில்லங்கச் சான்றில் ஜப்தி நிற்கும். மகளின் படிப்புக்காக இந்த வீட்டின் மேல் பணம் புரட்டலாம் என்றிருந்தோம், அது அப்படியே நிற்கிறது. ஜூன் மாதம் நமக்காகக் காத்திருக்காது.

அடுத்த வாய்தாவில் உங்கள் வக்கீல் ‘ஆட்சேபணை இல்லை’ என்று எழுதிக் கொடுத்தால் போதும். கதவில் இருக்கும் தாளை நான் கிழிக்கவில்லை. ஜப்தி விலகும் நாளில் உங்கள் ஆள் ஒருவர் வந்து, தெருவில் ஆள் நடமாட்டம் இருக்கும் நேரமாகப் பார்த்து, அவர் கையாலேயே எடுக்கட்டும்.

இப்படிக்கு,
வீட்டுக்காரி